ராசாத்தி கூண்டேறிய சமாசாரம்

தாது வருஷம், மாசி மாதம்
நாமக்கல் தாலுக்கா, தோட்டத்து வீடு

பினாங்கில் இருக்கும் என் மகன் சிரஞ்சீவி குமாரசாமிக்கு உன் அப்பன் செங்கோடன் ஆசீர்வதித்து எழுதுவது. இங்கே நானும் உன் அம்மா சாலம்மாளும் உன் பெண்சாதி ராசாத்தியும் மாடு கன்றுகளும் திருச்செங்கோட்டு ஈசுவரன் புண்ணியத்தில் சுகம். நீ அங்கே சுகமாயிருப்பதற்கு உன் கோபமே அத்தாட்சி, சீக்காளி யாரும் இவ்வளவு காட்டமாக எழுத மாட்டான். அம்மாவுக்கு முழங்கால் வலி தேவலை. மிளகாய் இந்த வருஷம் நன்றாகக் காய்த்திருக்கிறது.

உன் காகிதம் கிடைத்தது. ஊரிலிருந்து அங்கே வந்த யாரோ உன் பெண்டாட்டி கோர்ட்டுக் கூண்டில் ஏறினாள் என்று சொன்னானாம், குடும்ப மானம் போயிற்றாம், அவளைப் பிறந்த வீட்டுக்கு அனுப்பிவிட வேண்டுமாம். உனக்குச் சொன்னவன் பாதியைச் சொல்லி மீதியை விழுங்கிவிட்டான். மீதியை நான் சொல்கிறேன், உட்கார்ந்து படி.

நம் தோட்டத்தில் எருது பூட்டிக் கவலை ஓட்டிக் கிணற்றுத் தண்ணீர் இறைக்கும் கந்தப்பன் முன்பு பண்ணைக்காரர் வெங்கடாசலத்திடம் இருந்தவன் என்பதும் கூலித் தகராறில் விலகி நம்மிடம் வந்தான் என்பதும் உனக்குத் தெரியும். கார்த்திகையில் ஒரு மத்தியானம் பண்ணைக்காரரின் சோளத்தட்டுப் போர் தீப்பற்றி எரிந்தது. கந்தப்பன்தான் வைத்தான் என்று பொழுது சாய்வதற்குள் ஊரே தீர்மானித்துவிட்டது, மறுநாள் போலீசார் விலங்கு மாட்டிக் கொண்டுபோனார்கள். அவன் ஓடியதைப் பார்த்தேன் என்று பண்ணையாள் ஒருவன் நாமக்கல் கோர்ட்டில் சத்தியம் செய்தான். உன் பக்கத்தில் சாட்சி உண்டா என்று மாஜிஸ்திரேட் கந்தப்பனைக் கேட்டார். அவன் கையைக் கட்டிக்கொண்டு யாருமில்லீங்க சாமி என்றான். அவரோ விடவில்லை, நன்றாக யோசித்துச் சொல் என்று வாய்தா போட்டார். நானும் அன்று அங்கேதான் இருந்தேன், தீப்பிடித்த நாளில் நான் சந்தைக்குப் போயிருந்ததால் என்னால் ஒன்றும் சொல்ல முடியவில்லை.

வீட்டுக்கு வந்து சோறு உண்ணும்போது இதைச் சொன்னேன். பரிமாறிக்கொண்டிருந்த ராசாத்தி அகப்பையைக் கீழே வைத்துவிட்டாள். ஏனுங்க மாமா, கந்தப்பண்ணன் அன்னிக்கு நம்ம கெணத்துல கவலை ஓட்டிக்கிட்டிருந்துச்சு, நாந்தான் மொளகாச் செடிக்குத் தண்ணி கட்டுனேன், நம்மூட்டுப் பொம்பளையைக் கோர்ட்டுக்கு இழுக்கக் கூடாதுன்னுதான் வாயை மூடிக்கிச்சு, நான் வாரேனுங்க என்றாள். உன் அம்மா குதித்த குதி கொஞ்சமல்ல. நம் சனத்தில் எந்தப் பெண் கோர்ட்டு வாசலை மிதித்தாள் என்று சண்டை பிடித்துவிட்டு, வாய்தா நாளன்று தன் கூறைப்புடவையை எடுத்து அவளே ராசாத்திக்குக் கட்டிவிட்டாள்!

நான் வைத்த வக்கீல், கந்தப்பனைக் கண்ணால் பார்த்தேன் என்று சொல் அம்மா, அப்போதுதான் பலம் என்று படித்துப் படித்துச் சொன்னார். உனக்குத்தான் தெரியுமே, நம் கிணற்று மேட்டுக்கு இந்தப் பக்கம் மிளகாய்க் காட்டில் நின்றால் கவலை ஓட்டுகிறவன் தலைகூடத் தெரியாது. பாக்காததைப் பாத்தேன்னு எப்படிங்க சொல்றது என்று இவள் ஒரே பிடியாக நின்றுவிட்டாள். கூண்டில் ஏறினாள். அவனைப் பார்த்தாயா என்று சர்க்கார் வக்கீல் கேட்டார். இல்லீங்க என்றாள். பண்ணைக்காரர் மேல்துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். பிறகு மாஜிஸ்திரேட்டே கேட்டார், பார்க்காமல் எப்படி அங்கே இருந்தான் என்கிறாய் என்று. அண்ணன் கவலை ஓட்டறப்பப் பாடற பாட்டுக் கேட்டுச்சுங்க, தண்ணி வந்துக்கிட்டே இருந்துச்சுங்க, எருதை ஓட்டறவன் ஒரு நட வெளிய போனாலும் வாய்க்கா வத்திப்போயிருமுங்க, போரு எரிஞ்சு பொகை எந்திரிச்சப்பவும் நான் பாத்திக்குத் தண்ணி திருப்பிக்கிட்டுத்தான் நின்னேன் என்றாள். வேறு யாராவது பாடியிருக்கலாமே என்றார் சர்க்கார் வக்கீல். அந்தத் தொண்டை ஊருக்கே ஒண்ணுதானுங்க, இன்னொருத்தருக்கு இருந்தா ஊரு தாங்காதுங்க என்றாள். கோர்ட்டே சிரித்தது, கைதிக் கூண்டில் நின்ற கந்தப்பனும் சிரித்துவிட்டான், பாவம்.

குற்றம் ரூபிக்கப்படவில்லை என்று அவனை விட்டுவிட்டார்கள். தனக்கு அனுகூலமான பொய்யைக்கூடச் சொல்லாதவள் பேச்சை நம்பலாம் என்று மாஜிஸ்திரேட் தீர்ப்பில் எழுதியதை வக்கீல் எனக்குத் தமிழில் சொன்னார். எனக்கு நெஞ்சு கொள்ளவில்லை குமாரசாமி. வண்டியில் திரும்பும்போது எதிரே வந்தவர்களுக்கெல்லாம் என் மருமகள், என் மருமகள் என்று சொல்லிக்கொண்டே வந்தேன், போதுங்க மாமா என்று அவள் முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டாள். கந்தப்பன் மறுநாளே கவலை ஓட்ட வந்துவிட்டான், பாட்டும் வந்துவிட்டது, அதைத்தான் சகிக்க முடியவில்லை.

இனி உன் விஷயத்துக்கு வருகிறேன். கந்தப்பன் முன்பின் அறியாத மாஜிஸ்திரேட் முன்னால் நின்றவன். அவனையே அவர் உன் பக்கம் சொல்ல என்ன இருக்கிறது என்று கேட்டார், யாருமில்லை என்ற பிறகும் பொறுத்தார். ராசாத்தி உன் கையால் தாலி கட்டிக்கொண்டவள். அவளை ஒரு வார்த்தை கேட்காமல் கடலுக்கு அப்பாலிருந்து தீர்ப்பு எழுதி அனுப்பிவிட்டாயே, இது எந்த ஊர் நியாயம்? நீ எழுதியதை இன்னும் அவளுக்குப் படித்துக் காட்டவில்லை. தபால்காரர் வந்துபோனதிலிருந்து வாசற்படியிலேயே நின்றுகொண்டிருந்தாள். அவங்க சுகமாங்களா மாமா என்று மட்டும் கேட்டாள். சுகம் என்றேன்.

வெயிலில் அலையாதே, வேளைக்குச் சாப்பிடு, கோபத்தைக் குறை. நீயும் அவளும் நூறு வயசு நன்றாயிருக்க வேண்டும். மறக்காமல் வரும் கப்பலிலேயே அவள் பேருக்கு ஒரு காகிதம் போடு, அன்றைக்கு என்ன நடந்தது என்று அவளையே கேள். அவளுக்கு எழுத்துத் தெரியாது, நான்தான் உரக்கப் படித்துக் காட்ட வேண்டும், அதை மனசில் வைத்துக்கொண்டு எழுது.

இப்படிக்கு,
உன் அப்பன்,
ராசாத்தியின் மாமன்,
செங்கோடன்