படச்சுருளுக்கு இட்ட சந்தனம்

என் உயிரனைய மைத்துனர் முனுசாமிக்கு,

நீர் இறைவன் திருவடியில் இளைப்பாறுகிறீர். உம் படச்சுருள்களோ எங்களை இளைப்பாற விடவில்லை. இங்கே ஃபீஜியில், நம் தவுவா ஊரில் கல்யாணப் படம் எடுத்துப் பிழைத்தவர், ஜப்பானியக் கப்பலில் சமையல் வேலைக்குப் போய், அந்நாட்டில் மரப்பாத்திரங்களுக்கு அரக்குப் பூசி அணிசெய்யும் ஒரு கலைஞரின் பட்டறையில் மாதக்கணக்காய்ப் படம் பிடித்தீர். ஒரு டப்பாவின்மேலாவது இன்னதென்று எழுதி வைத்தீரா? எழுதியிருந்தால் நான் தொட அஞ்சியிருப்பேனே.

அந்தக் கலைஞரும் காலமானார். அவர் மகள் நம் ஊர்த் தமிழ்ச் சங்கத்துக்குக் கடிதம் எழுதியிருக்கிறாள். அவளும் அதே தொழில் செய்பவள். ஈர அரக்கின்மேல் பொற்பொடி தூவும்போது தந்தையின் விரல் பொடி நிரப்பிய குழாயை எப்படித் தட்டியது என்று அவளுக்குப் பார்க்க வேண்டுமாம். அதைக் காட்டுவது உம் சுருள் ஒன்றே.

அவள் கடிதம் வருமுன்பே அந்தச் சுருளைத்தான் நான் பாழாக்கியிருந்தேன். சரஸ்வதி பூசையன்று கரும்புக் கத்தி, டிராக்டர், தேவார ஏடு எல்லாவற்றுக்கும் பொட்டிட்டோம். டப்பாவின்மேல் இட்டால் உறைக்கு இட்டதாகுமே என்று, மூடியைத் திறந்து சுருளுக்கே சந்தனமும் குங்குமமும் குழைத்து இட்டேன். சாத்திரம் அறிந்தவன் என்று ஊர் என்னைச் சொல்கிறது. உம் தங்கை சொன்னதையும் கேளும்: "எங்கண்ணன் இருந்திருந்தா ஒங்க கண்ணுக்குள்ள சந்தனம் வெச்சிருக்கும். அப்பத் தெரிஞ்சிருக்கும்."

சுவாவில் படச்சுருள் செப்பனிடுபவர் ஒருவரிடம் கொண்டுபோனேன். வெளிச்சுற்றுகள் ஒன்றோடொன்று ஒட்டியிருந்தன. உட்சுற்றுகள் பிழைக்கலாம் என்றார். ஜப்பானில் இதற்கென்றே கூடம் உண்டு, அங்கே அனுப்புங்கள், ஆனால் பட்டது என்னவென்று சொல்லி அனுப்புங்கள்; வெறும் மழைக்கறை என்று கழுவினால் குங்குமச் சாயம் உள்ளே இறங்கி எல்லாம் போய்விடும் என்று எச்சரித்தார்.

இதை அப்படியே சங்கத்தில் சொன்னேன். செயலாளர் பொன்னையா என்ன சொன்னார் தெரியுமா?

"புயல்ல நனஞ்சிபோச்சின்னு எழுதிடலாம் அய்யா. ஃபீஜில புயலுக்கு எவன் சாட்சி கேப்பான்? நீங்க வெச்சதுன்னு எழுதினா சங்கத்துக்கே மானக்கேடு."

கழுவினால் போய்விடும் என்று இப்போதுதானே சொன்னேன் என்றேன். ஜப்பான்காரர்களுக்குத் தெரியாததா என்றார். எல்லோரும் தலையசைத்தார்கள். வெள்ளிதோறும் வாய்மையைப் பற்றி நான் பேசும்போது அசைகிற அதே தலைகள். அதைவிட, என் நெஞ்சும் ஒரு கணம் அதற்கு இசைந்ததே, அதுதான் எனக்கு ஆறவில்லை. இத்தனை காலம் ஓதியது எங்கே போயிற்று, மச்சான்?

நேற்று நானே அந்தப் பெண்ணுக்கு எழுதினேன். பட்டது சந்தனமும் குங்குமமும், தண்ணீர் படலாகாது, வழிபாடென்று எண்ணி இதைச் செய்தவன் நான் என்று. செயலாளர் கையொப்பமிட மறுத்தார். என் பெயரை மட்டும் இட்டுச் சுருளோடு அனுப்பிவிட்டேன்.

அவள் என்ன மறுமொழி எழுதினாலும் அதைச் சங்கத்தில் எழுந்து நின்று நானே வாசிப்பேன். என்னைத் திட்டியிருந்தால், அந்த வரியை இரண்டு முறை வாசிப்பேன். இது உமக்கு நான் தரும் வாக்கு.

உம் தங்கையின் கையையும் வசவையும் ஒருசேரப் பெற்ற,
மைத்துனன் சோமசுந்தரம்