அந்தச் சட்டைக்காரன் நான்தான், செல்வி

என் தங்கமே செல்வி,

காய்ச்சலில் நீ போய்ச் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. அதற்குள் போடி ஊர் முழுக்க உன்னைப் பற்றித்தான் பேச்சு. இதை எழுதவே எனக்குக் கை கூசுகிறது.

உன் வீட்டுக்காரர் உன் போனை விற்றுவிட்டார். உள்ளே இருந்த படங்களை அழிக்க அவருக்குத் தெரியவில்லை. யார் கையில் சிக்கியதோ, ஒரு படம் ஊர் வாட்ஸ்அப் குழுவுக்கு வந்துவிட்டது. ஏலக்காய்த் தோட்டத்தில் நீயே கையை நீட்டி எடுத்த படம். தலைமுடியை விரித்துப் போட்டுச் சிரிக்கிறாய். பக்கத்தில் ஆம்பளைச் சட்டை, தலையில் துண்டு, உன் தோளில் ஒரு கை. முகம் தெரியவில்லை. "செத்தவளோட கள்ளப் புருசன் யாரு?" என்று கீழே எழுதியிருந்தார்கள்.

மழைக்கும் அட்டைக்கும் பயந்து, சேலைக்கு மேல் என் வீட்டுக்காரர் சட்டையை மாட்டிக்கொண்டு நின்றது நான்தான் என்று உனக்குத் தெரியும். உடனே சொல்லியிருக்கலாம். என் மாமியார் போனைப் பிடுங்கிக்கொண்டார். "நீ எதுலயும் தலையக் குடுக்காத ஆத்தா. நம்ம வீட்லயும் பொம்பளப் புள்ள இருக்கு." நானும் வாயை மூடிக்கொண்டேன்.

மறுநாள் வேலைக்குப் போகும் ஜீப்பில் உன் அம்மா இல்லை. சாயங்காலம் சிலமலையில் அவர் வீட்டுக்குப் போனேன். கதவைச் சாத்திக்கொண்டு, உன் மகளை மடியில் போட்டபடி உட்கார்ந்திருந்தார்.

"இந்தப் புள்ள தனக்குப் பொறந்ததுதானான்னு மருமகன் கேக்குறாரு பாண்டி. நீதான கூடவே திரிஞ்ச. எம்மக அப்படிப்பட்டவளா? சொல்லு."

காலையில் மாமியாரிடமிருந்து திரும்ப வாங்கிய போனில், அங்கேயே உட்கார்ந்து ஊர்க் குழுவில் பேசிப் பதிவு போட்டேன். "அந்தச் சட்டைக்காரன் நான்தான், பாண்டியம்மா. தோட்டத்துல நாங்க எல்லாரும் இப்படித்தான் உடுத்துறோம். படத்த அழிங்கய்யா."

சிலர் அழித்தார்கள். மன்னிப்பு என்று ஒருவர் வாயிலும் வரவில்லை. "ரெண்டு பொம்பளைகளுக்குள்ள என்ன இம்புட்டுக் கொஞ்சல்?" என்று இன்னொருவன் ஆரம்பித்தான். கடைத்தெருவில் இப்போது என்னைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். ஒரு தப்பும் செய்யாமலே முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு நடக்கிறேன். ஏன்டி செல்வி, சிரித்த முகத்துக்கா இத்தனை தண்டனை?

நேற்று உன் வீட்டுக்காரர் வந்தார். மகளைத் தூக்கிக்கொண்டு, என் முகத்தைப் பார்க்காமல், "தப்பாப் பேசிட்டேன்க்கா" என்றார். உன்னிடம் சொல்ல வேண்டியதை என்னிடம் சொன்னார். நான் யார் அதை வாங்கிக்கொள்ள?

நாளை உன் அம்மாவோடு தேனிக்குப் போய்ப் போலீசில் புகார் கொடுக்கிறேன். மாமியார் என்னோடு பேசுவதில்லை. முன்பின் தெரியாதவர்கள் முன்னால் எல்லாவற்றையும் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கும். கூச்சம் என்னைவிட்டுப் போகவில்லை. கூசிக்கொண்டே சொல்லுவேன்டி.

உன்னோடு பிறக்காத அக்கா,
பாண்டியம்மா