பாதியில் நின்ற காதுகுத்து

சமயநல்லூர்,
ஞாயிற்றுக்கிழமை.

மாப்பிள்ளை தவசிக்கு மச்சான் அருள்பாண்டி எழுதிக்கொள்வது. உன் அக்கா தமிழ்ச்செல்வி என்னோடு பேசுவதில்லை. மற்றபடி இங்கு எல்லோரும் நலம். நீ போனை எடுப்பதில்லை. அதனால் திருப்பூருக்கு வரும் மருதுவிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

சூடானில் நீ வேலை பார்த்த ஊரில் சண்டை மூண்டு, குண்டு விழும் கட்டடத்தில் அடைந்து கிடந்து, உயிர் பிழைத்து வந்தவன் நீ. அது தெரிந்தும் நம் பிள்ளை அஸ்வினிக்குக் காது குத்தும் நேரத்தில் சரவெடி வைக்கச் சொன்னேன். மதுரை காளவாசல் வரைக்கும் கேட்க வேண்டும் என்று எனக்கு அப்படியொரு பவுசு.

ஒரு காது குத்தியாயிற்று. மறு காதுக்கு ஆசாரி ஊசி எடுக்கும்போது வெடித்தது. மடியில் இருந்த பிள்ளையோடு தரையில் உருண்டு, அவளை அடியில் போட்டு நீ மேலே கவிழ்ந்துகொண்டாய். முதலில் சிரித்தது நான். "மாப்ள, இது சூடான் இல்லய்யா, சமயநல்லூரு" என்று கத்தினேன். பிறகுதான் பந்தலே சிரித்தது. நீ வேட்டியைத் தட்டிவிட்டு, கை நனைக்காமல் பஸ் ஏறிவிட்டாய். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை என்று எழுதினால் பொய். நன்றாகவே சாப்பிட்டேன். அதை நினைத்தால் இப்போது உடம்பு கூசுகிறது.

மறு காதை உன் பெரியப்பா மகன் கருத்தக்கண்ணன் மடியில் வைத்துக் குத்திவிடலாம் என்றார்கள் பெரியவர்கள். நானும் தலையாட்டினேன். உன் அக்காதான், "கூடப்பொறந்தவன் இருக்கையில இன்னொரு மடி எதுக்கு? எந்தம்பி வரட்டும்" என்று முடித்துவிட்டாள். பிள்ளை ஒற்றைத் தோட்டோடு பள்ளிக்கூடம் போகிறாள்.

நேற்றுத் தெருவில் யாரோ வெடி போட்டார்கள். அஸ்வினி ஓடிவந்து, பாயில் கிடந்த தன் தம்பி மேல் கவிழ்ந்து படுத்துக்கொண்டாள். ஏன் அவனை நசுக்குகிறாய் என்று அதட்டினேன். "மாமா எனக்கு இப்டித்தான பண்ணுச்சு" என்றாள். அன்று வெடித்தபோது நான் என்ன செய்தேன் என்று யோசித்துப் பார்த்தேன். இரண்டு கையாலும் என் காதைப் பொத்திக்கொண்டு நின்றேன். பெற்றவன் நான். பிள்ளையைப் பொத்தியது நீ.

வருகிற வளர்பிறையில் நாள் பார்த்திருக்கிறோம். வெடி இல்லை, கொட்டு இல்லை, நம் வீட்டு ஆட்கள் மட்டும்தான். மன்னிப்புக் கேட்டு எனக்குப் பழக்கமில்லை. உன் முகத்தை எப்படிப் பார்ப்பேன் என்றும் தெரியவில்லை. நீ என்னோடு பேச வேண்டாம். என் பிள்ளைக்கு உன் மடிதான் வேண்டும். வந்துவிடு, மாப்பிள்ளை.

இப்படிக்கு,
தலைகுனிந்து,
உன் அக்காளைக் கட்டியவன்
அருள்பாண்டி