மூன்றாம் மாடியின் ஓட்டு

அன்புள்ள மகளுக்கு,

நீ அங்கே சுகமாகவே இருப்பாய். இங்கே நான் சுகம், உன் அம்மாவும் சுகம்தான், மூன்றாம் மாடியை விட்டு இறங்காதவரை.

நின்றுபோன லிஃப்டை மாற்றலாமா என்று குடியிருப்பில் ஓட்டெடுத்தார்கள், ஒரே ஓட்டில் தோற்றுவிட்டது. முன்பெல்லாம் கார் நிறுத்துமிடத்தில் கூடிக் கை தூக்குவோம். ஏதென்ஸில் அந்தக் காலத்தில் குன்றின்மேல் கூடி அப்படித்தான் முடிவெடுத்தார்கள், பெண்களுக்கும் அடிமைகளுக்கும் அங்கே இடமில்லை என்பது வேறு விஷயம், ஆனால் கை தூக்குகிறவன் பக்கத்தில் நிற்பவன் முகத்தைப் பார்த்தாக வேண்டும். உன் அம்மாவின் முழங்காலைப் பார்த்துக்கொண்டே வேண்டாம் என்று கை தூக்க இங்கே யாருக்கும் தைரியம் இருந்திருக்காது. தரைத்தளத்து மருந்துக்கடைக்காரர் செயலாளரானதும் எல்லாம் போனுக்குப் போய்விட்டது. இதுதான் நேரடி ஜனநாயகம் என்று எனக்கே பாடம் எடுத்தார், காலமெல்லாம் கல்லூரியில் சரித்திரம் நடத்தியவனுக்கு. கேள்வியை எழுதுவதும் அவர்தான். பராமரிப்புக் கட்டணத்தை உயர்த்தச் சம்மதமா என்று பெரிதாக, லிஃப்ட் என்பது கடைசி வரியில் பொடி எழுத்தில். கீழே போய்ச் சண்டை போட்டேன். "நீங்க மேல போறதுக்கு லிஃப்ட் சரி, நாங்க எங்க சார் போறது, பூமிக்குள்ளயா?" என்றார், சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். இங்கேயே கிடக்கிற எங்களிடம் ஏன் கேட்கவில்லை என்றேன். "வீடு உங்க பொண்ணு பேர்ல இருக்கு, அவங்களே வேண்டாம்னு போட்டுட்டாங்க, நீங்க ஏன் சார் கத்துறீங்க?" என்று போனை என் முகத்துக்கு நேரே நீட்டினார். நம் வீட்டு எண், பக்கத்தில் சிவப்புக் குறி. படியேறி வந்துவிட்டேன்.

"பாவம், வேலைக்கு நடுவுல வந்திருக்கும், பாக்காம அழுத்தியிருப்பா, இதைப் போய் எழுதாதீங்க" என்கிறாள் உன் அம்மா. வீட்டை உன் பேரில் எழுதச் சொன்னவளும் அவள்தான். முட்டி டாக்டரைப் பார்க்கப் போவதை நிறுத்திவிட்டாள், வலி குறைந்துவிட்டதாம். சமையலறை ஜன்னலில் நாற்காலி போட்டுத் தெருவைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

வேண்டாம் என்று போட்டவர்களில் ஒருவர் கேட்டால் மறுபடி ஓட்டெடுக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. கேட்கும் உரிமை எனக்கில்லை, உனக்கு உண்டு. நான் கெஞ்சவில்லை, தகவல் சொல்கிறேன்.

நோய்நொடி இல்லாமல், நல்ல முழங்கால்களோடு நீண்ட நாள் இரு. போனில் எது வந்தாலும் கடைசி வரிவரை படித்துவிட்டு அழுத்து.

இப்படிக்கு,
உன் வீட்டில் குடியிருக்கும்
அப்பா