காலுறை விற்பவள்

அன்புள்ள அப்பாவுக்கு,

ஜிபார் எழுதுகிறேன். நானும் அத்தையும் நலம். நீங்களும் நலமாக இருக்க வேண்டும். அத்தை தூங்கிவிட்டாள். அடுப்பு வெளிச்சத்தில் எழுதுகிறேன். எழுத்து கோணினால் மன்னியுங்கள். நாளை ரஷ்யாவுக்குக் கிளம்பும் எசென் மாமாவிடம் இதைக் கொடுத்தனுப்புவேன்.

சந்தையில் காலுறை விற்றுக்கொண்டிருந்த அம்மாவை ஓர் ஓவியர் வரைந்தாரே, அந்தப் படம் பிஷ்கெக்கில் ஓவியக் கூடத்தில் இருக்கிறது. அம்மா அதைப் பார்க்கவே இல்லை. டிக்கெட் விலையைக் கேட்டதும், "என் மூஞ்சியப் பாக்க நானே காசு குடுக்கணுமா?" என்று சிரித்துவிட்டு வாசலோடு திரும்பிவிட்டாள். அம்மா இறந்த பிறகு, அவள் படங்கள் இருந்த போனையும் அத்தை விற்றுவிட்டாள்.

போன வியாழக்கிழமை பள்ளியில் எங்களை அங்கே இலவசமாக அழைத்துப் போனார்கள். அன்று விடியலில் இறந்தவர்களுக்கு வாசனை போகட்டும் என்று அத்தை மாவை வெட்டி எண்ணெயில் போர்சோக் பொரித்தாள். ஒன்றைப் பையில் ஒளித்து எடுத்துப் போனேன். படத்தில் இருக்கும் அம்மா முன்னால் நீட்டினேன். வாசனை காட்டத்தான், அப்பா. பின்னாலிருந்து காவல்காரம்மா, "ஏய், கைய எடு! இது என்ன உங்க வீட்டு அடுப்பங்கரையா?" என்று கத்தியதும் பதறியதில் என் கை படத்தில் பட்டுவிட்டது. அம்மாவின் விரல்மேல் எண்ணெய்க் கறை.

எங்கம்மா என்று காவல்காரம்மாவிடம் சொன்னேன். "இங்க வர்ற பாதிப் பேருக்கு இவ அம்மா மாதிரிதாண்டி தெரிவா" என்றாள். படத்தின் கீழே "காலுறை விற்பவள்" என்று மட்டும் எழுதியிருக்கிறது. பெயர் இல்லை. படத்தைக் கழற்றி உள்ளே கொண்டுபோய்விட்டார்கள்.

"நீ சொல்றது நெசம்னா உங்கப்பாகிட்ட எழுதி வாங்கிட்டு வா. இல்லேன்னா பள்ளிக்கூடத்துப் பக்கமே வராத" என்று தலைமையாசிரியை சொல்லிவிட்டார். அத்தைக்கு இன்னும் தெரியாது. தெரிந்தால், "படிச்சுக் கிழிச்சது போதும், கடையில வந்து உக்காரு" என்பாள். அதைவிட, அந்தப் படத்தை இனி எனக்குக் காட்டமாட்டார்களோ என்றுதான் பயமாக இருக்கிறது.

போன மாதம் உங்களுக்குப் போன் செய்தபோது ஓர் அக்கா எடுத்தார். பின்னால் குழந்தை அழும் சத்தம் கேட்டது. பேசாமல் வைத்துவிட்டேன். அத்தையிடம் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டேன். அவர்கள் யாரும் பார்க்காதபோதாவது ஒரே ஒரு வரி எழுதி அனுப்புங்கள்: படத்தில் இருப்பவள் சாய்ரகுல், என் மனைவி. நீங்கள் வராவிட்டாலும் பரவாயில்லை.

அந்தக் குழந்தையும் நீங்களும் குளிரில் வாடாமல் இருக்கக் கடவுள் துணை இருக்கட்டும்.

உங்களுக்கும் சாய்ரகுலுக்கும் பிறந்த
ஜிபார்