அம்மா இருக்கும் படச்சுருளைச் சேற்றில் புதைக்காமல் தடுக்க வேண்டி

அனுப்புநர்
சூ. கிரேஸ் மேரி (வயது 41),
த/பெ. சூசைநாதன்,
மாதா கோயில் தெரு, வில்லியனூர்.

பெறுநர்
காவல் ஆய்வாளர் அவர்கள்,
காவல் நிலையம், கிருமாம்பாக்கம்.

பொருள்: என் தாயார் பதிவாகியுள்ள ஒரே படச்சுருள் – அழிக்கப்படுவதைத் தடுக்கக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. என் தாயார் ஆனி மேரி எனக்கு ஒன்றரை வயதாக இருக்கும்போது மஞ்சள் காமாலையால் இறந்தார். பிறகு எங்கள் கூரைவீடு எரிந்ததில் அவருடைய புகைப்படங்களும் போயின. அவர் முகம் எனக்குத் தெரியாது.

2. கடந்த ஞாயிறு எங்கள் ஊர் சமுதாயக் கூடத்தில் புகழ்வேந்தன் என்ற இயக்குநர் தம் குறும்படத்தைத் திரையிட்டார். யாரோ எடுத்துக் கைவிட்ட பழைய சுருள்களை வெட்டி ஒட்டிய படம். அந்தக் காலத்து ஊரைப் பார்க்கலாமே என்று என் தந்தையையும் அழைத்துச் சென்றேன். பூஞ்சை படர்ந்த காட்சிகள் நிறம் மாறி மாறி ஓடின. அழகாக இருக்கிறதென்றே நானும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

3. தேர்த் திருவிழாக் காட்சி ஒன்றில் இடுப்பில் குழந்தையுடன் ஒரு பெண் வந்தார். என் தந்தை எழுந்து நின்று, "கிரேசு, உங்கம்மாடி அது! இடுப்புல நீதான்!" என்று கத்திவிட்டார். திடுக்கிட்டு அவரைப் பார்த்துவிட்டு நான் திரையைப் பார்ப்பதற்குள் அந்த முகம் கொப்புளித்து, உருகி, வெள்ளையாகிவிட்டது. கூடத்தில் கைதட்டினார்கள்.

4. என் தந்தையின் நண்பர் ஒருவர் பிரான்சிலிருந்து விடுமுறைக்கு வந்தபோது அந்தத் திருவிழாவைப் படம் பிடித்திருக்கிறார். அவர் காலமான பின் அவர் வீட்டுச் சாமான்கள் பழைய பொருள் கடைக்குப் போயுள்ளன. படம் முடிந்ததும் நான் போய்க் கேட்டபோது, சுருளை அங்குதான் வாங்கியதாக இயக்குநர் கூறினார். பூஞ்சை தானாக வந்தது என்றும், முகத்தை மட்டும் தாமே ப்ளீச்சிங் திரவம் ஊற்றி உருக்கியதாகவும், அந்தத் துண்டு அன்று ஓட்டியதிலேயே நைந்து அறுந்துவிட்டதால் மறுபடி காட்ட முடியாது என்றும் சொன்னார். வேண்டுமென்றே ஒரு மனிதர் இதைச் செய்வார் என்பதை இன்னும் என்னால் நம்ப முடியவில்லை.

5. அதே சுருளில் திரவம் படாத பகுதி கொஞ்சம் மீதியுள்ளது; அதிலும் அந்தப் பெண் இருக்கிறார் என்று அவரே ஒப்புக்கொண்டார். கெஞ்சிக் கேட்டேன். "கேக்க ஆளில்லாத படம்னுதான் அக்கா வாங்கினேன். அழியறதுதான் இந்தப் படமே" என்று மறுத்துவிட்டார். வரும் சனிக்கிழமை (15.11.2025) தங்கள் ஊர் வயல் ஒன்றில், பார்வையாளர்கள் முன்னிலையில் அதைச் சேற்றில் புதைத்து மக்கவிடப்போகிறார். அழைப்பும் அனுப்பிவிட்டார். கேட்க நாங்கள் இருவர் வந்து நின்ற பிறகும், ஐயா.

6. சுருள் அவர் வாங்கிய பொருள்தான். அவரைத் தண்டிக்கும்படி நான் கேட்கவில்லை. சனிக்கிழமைக்குள் அவரை அழைத்துப் பேசி, அந்தப் பகுதியைப் பிரதி எடுக்கும் வரையாவது புதைக்காமலிருக்கச் செய்யுங்கள்.

7. ஞாயிறு முதல் என் தந்தை சரியாகச் சாப்பிடுவதில்லை. "அவ மூஞ்சி எனக்கு மறந்தே போயிருந்துச்சும்மா. அங்க பாத்ததும்தான் ஞாபகம் வந்துச்சு" என்கிறார். எனக்கு ஞாபகம் வரவும் எதுவும் இல்லை, ஐயா.

தங்கள் உதவியை எதிர்நோக்கும்,
சூ. கிரேஸ் மேரி

இடம்: வில்லியனூர்
நாள்: 11.11.2025