வென்னின் ஐந்தாவது சுருள்

7 ஜூலை, திங்கள்
காலையில் நல்ல குளிர். கிரெய்கிபர்ன் ரயில் பிந்தியது. பல் டாக்டருக்கு ஃபோன் எடுக்க மறந்தேன்.

பழைய படங்களை மீட்கும் எங்கள் லாபுக்கு ஐந்து படச்சுருள் வந்திருக்கிறது. தைவான் இயக்குநர் வென் எடுத்த முதல் படம். உலகத்தில் இருப்பது இந்த ஒரே பிரதி. வென் இப்போது இங்கே மெல்பேர்னில் மகள் மெய்யோடு இருக்கிறார். வயது எண்பத்தாறு. அவர் செய்தவை: வாள்சண்டைப் படங்கள், பேய்ப்படம், காதல், சிறுவர் படம், குளியல் சவர்க்கார விளம்பரம்கூட. பிறகு தயாரிப்பாளர், எத்தனையோ புதியவர்களுக்கு முதல் படம் கொடுத்தவர். ஆனால் இன்னொருமுறை பார்க்க வேண்டும் என்று அவர் கேட்பது இந்த ஒன்றைத்தான்.

பெட்டியைத் திறந்ததும் புளித்த காடிபோல வினாகிரி மணம். கண் எரிந்தது. படச்சுருள் அழுகத் தொடங்கினால் இந்த மணம்தான்.

8, செவ்வாய்
முதல் சுருளில் ஆறு நிமிடம் ஸ்கான் பண்ண முடிந்தது. கப்பலில் போன கணவனுக்காகக் காத்திருக்கும் தையல்காரி. அழகான முகம். 2, 3, 4ஆம் சுருள்கள் சுருங்கி நெளிந்துவிட்டன, மெஷினில் ஓடாது. ஐந்தாவது ஒரே கட்டி. பிரிக்கப் பார்த்தேன், உதிர்ந்தது.

வீட்டில் கணவர் சிவா: "இன்னும் வினாகிரி மணக்குது. முதல்ல குளிச்சிட்டு வாரும், பிறகு சாப்பிடலாம்."


9, புதன்
மெய்யிடம் ஃபோனில் சொன்னேன். "பத்து வருஷமா அந்தப் பெட்டி எங்கட கராஜில கிடந்தது. வெயில் வெக்கைக்குள்ள. நான்தான் வச்சனான்" என்றாள் ஆங்கிலத்தில். ஒவ்வொன்றாகக் கேட்டேன். வேறு பிரதி? இல்லை. எழுதிய கதை? இல்லை. நடித்தவர்கள்? ஒருவரும் உயிரோடு இல்லை.

மழை. பல் டாக்டருக்கு எடுத்தேன்: நேரம் அடுத்த மாதம்தானாம்.

11, வெள்ளி
வென்னும் மெய்யும் லாபுக்கு வந்தார்கள். வென் கோட் போட்டு, டை கட்டி. ஆறு நிமிடத்தையும் பார்த்தார். "மிச்சம் பழுதாகிவிட்டது" என்று மெய் அவர் மொழியில் சொன்னாள் போலிருக்கிறது. தலையாட்டினார். பிறகு எழுந்து நின்று மிச்சப் படத்தை நடிக்கத் தொடங்கினார்! தையல்காரி, மாமி, தபால்காரன், எல்லாம் அவரே. மெய் எனக்குச் சொல்லிக்கொண்டே வந்தாள். நான் ஃபோனில் பதிவு செய்தேன்.

கடைசிக் காட்சி, துறைமுகம். கப்பல் வருகிறது. ஆட்கள் இறங்குகிறார்கள். தையல்காரி எட்டிப் பார்க்கிறாள். வென்னும் எட்டிப் பார்த்தார். அப்படியே நின்றுவிட்டார்.

பிறகு என்னிடம் ஏதோ கேட்டார்.
மெய்: "கடைசிச் சுருளை நீங்க பார்த்தீங்களாம். அந்தக் கப்பலில அவள்ட புருஷன் வந்தவனா எண்டு கேக்கிறார். அவருக்கு ஞாபகமில்லையாம்."

"எனக்குத் தெரியாது" என்றேன்.

மெய் அதை அவருக்கு மொழிபெயர்க்கவில்லை.